குற்ற வழக்கை உயர் நீதிமன்றத்தில் எதிர்ப்பது: எந்த வாசல், எந்தக் கட்டம், எத்தனை முறை

வீட்டில் ஒருவர்மீது முதல் தகவல் அறிக்கை பதிவாகிவிட்டது என்று தெரிந்ததும், உறவினர்களில் யாரேனும் ஒருவர் அடுத்த நாளே சொல்லிவிடுவார்: "ஹைகோர்ட்டில் குவாஷ் போட்டால் கேஸ் உடைந்துவிடும்." அதில் பாதி உண்மை இருக்கிறது. குற்ற நடவடிக்கையைத் தொடக்கத்திலேயே ரத்துசெய்யும் அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கு உண்டு. ஆனால் அந்த அதிகாரம் எந்தக் கேள்விக்குப் பதில் சொல்லும், எந்தக் கேள்வியைத் தொடவே மறுக்கும் என்று தெரியாமல் சென்னைக்கோ மதுரைக் கிளைக்கோ மனுவோடு போகிறவர்கள், நியாயமான காரணம் கையில் இருந்தும் அதைத் தவறான கட்டத்தில், தவறான மனுவில் வைத்து இழந்துவிடுகிறார்கள். அந்த இழப்பில் பெரும்பகுதி தவிர்க்கக்கூடியது என்று நான் உறுதியாக நம்புவதால், சட்டம் படிக்காதவருக்கும் புரியும் விதத்தில் அந்த வரம்புகளை இங்கே விளக்க முயல்கிறேன்.

முதலில் சட்டத்தின் பெயர். 1974 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருந்த குற்றவியல் நடைமுறைச் சட்டம், 1973-க்குப் பதிலாக, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, 2023 நடைமுறைக்கு வந்திருக்கிறது. ரத்து மனுவுக்கான பழைய 482-ஆம் பிரிவு புதிய சட்டத்தில் 528; சீராய்வு மனுவுக்கான பழைய 397 இப்போது 438. வழக்கறிஞர் அலுவலகங்களிலும் நீதிமன்றத் தாழ்வாரங்களிலும் இன்னும் "ஃபோர் எய்ட்டி டூ" என்றே சொல்கிறார்கள் என்பதால் இரண்டு எண்களையும் தெரிந்துவைத்திருப்பது நல்லது. எண் மாறியிருக்கிறதே தவிர, இந்த இரு பிரிவுகளின் உள்ளடக்கம் பெரிதாக மாறவில்லை. ஐம்பது ஆண்டுகளாக நீதிமன்றங்கள் சொன்ன விளக்கங்கள் இன்றும் பொருந்துகின்றன.

விளக்கத்துக்கு ஒரு கற்பனை வழக்கை எடுத்துக்கொள்வோம். அண்ணன் தம்பி இருவருக்கும் பொதுவான பூர்வீக நிலத்தை, அது முழுவதும் தனக்கே உரியது என்று எழுதி, அண்ணன் வெளியார் ஒருவருக்குக் கிரயம் செய்துகொடுத்துவிட்டார். வில்லங்கச் சான்று எடுத்துப் பார்த்தபோது விவரம் தெரிந்த தம்பி காவல் நிலையத்தில் புகார் கொடுக்கிறார். ஏமாற்றுதல், போலி ஆவணம் புனைதல் ஆகிய குற்றங்களின்கீழ் அண்ணன்மீது வழக்குப் பதிவாகிறது. தமிழ்நாட்டில் நிலம் உள்ள குடும்பங்களுக்கு இது அந்நியமான கதை அல்ல.

இந்த வழக்கில் மூன்று தாள்கள் அடுத்தடுத்துப் பிறக்கும். முதலாவது முதல் தகவல் அறிக்கை. அது புகாரின் பதிவு மட்டுமே. இரண்டாவது, புலனாய்வு முடிந்து காவல்துறை நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் இறுதி அறிக்கை. அதைத்தான் குற்றப்பத்திரிகை என்கிறோம். மூன்றாவது, அந்தக் குற்றப்பத்திரிகையையும் அதனுடன் வந்த சாட்சியங்களையும் ஆவணங்களையும் படித்துவிட்டு நீதிபதியே எழுதும் குற்றச்சாட்டு. இதை எழுதுவதைக் குற்றச்சாட்டு வனைதல் என்பர். பேச்சு வழக்கில் மூன்றையும் "கேஸ்" என்று ஒரே சொல்லால் குறிப்பதால்தான் குழப்பம் தொடங்குகிறது. எதை எதிர்க்கிறோம் என்பதைப் பொறுத்தே எங்கே, எப்போது, எந்தக் காரணத்தால் எதிர்க்கலாம் என்பது அமைகிறது.

முதல் வாசல் விசாரணை நீதிமன்றமே

பலர் மறந்துவிடும் வாசல் இது. குற்றச்சாட்டு வனைவதற்கு முன்பே, "இந்த ஆவணங்களைப் படித்தால் என்மீது வழக்கு நடத்தப் போதிய முகாந்திரம் இல்லை" என்று சொல்லி, விடுவிக்கும்படி விசாரணை நீதிமன்றத்திலேயே மனுச் செய்யலாம். இது விடுவிப்பு மனு. வழக்கு நடந்து முடிந்தபின் கிடைக்கும் விடுதலை வேறு; விசாரணை தொடங்கும் முன்பே கிடைக்கும் விடுவிப்பு வேறு. பழைய சட்டத்தில் இதற்குக் காலக்கெடு எதுவும் எழுதப்படவில்லை. புதிய சட்டத்தில் இருக்கிறது: அமர்வு நீதிமன்ற வழக்கானால், வழக்கு அந்த நீதிமன்றத்துக்கு அனுப்பப்பட்ட நாளிலிருந்து 60 நாட்களுக்குள் 250-ஆம் பிரிவின்கீழும், காவல்துறை அறிக்கையின்பேரில் நடுவர் நீதிமன்றத்தில் நடக்கும் பிடியாணை வழக்கானால் (இரண்டு ஆண்டுக்கு மேல் சிறை விதிக்கத்தக்க குற்ற வழக்கு), ஆவண நகல்கள் வழங்கப்பட்ட நாளிலிருந்து 60 நாட்களுக்குள் 262-ஆம் பிரிவின்கீழும் மனுவைப் போட வேண்டும். நாள் தவறினால் என்ன ஆகும் என்று அந்தப் பிரிவுகள் தனியே சொல்லவில்லை. அந்த மௌனத்தை நம்பிக் காலம் கடத்துவது அறிவுடைமை ஆகாது. நகல்களைப் பெற்றுக்கொண்டு கையொப்பமிட்ட தேதியைக் குறித்துவைப்பது, இந்த ஒரு காரணத்துக்காகவே, புதிய சட்டத்தின்கீழ் முதல் வேலையாகிவிட்டது.

இந்தக் கட்டத்தில் நீதிபதி பார்ப்பது குற்றம் மெய்ப்பிக்கப்பட்டதா என்பதை அல்ல. வலுவான சந்தேகம் இருந்தாலே குற்றச்சாட்டு வனையலாம் என்று உச்ச நீதிமன்றம் 1977-இல் சொன்னது. அதே நேரத்தில், காவல்துறை கொடுத்ததை அப்படியே முத்திரை குத்தி அனுப்பும் அஞ்சல் நிலையம் அல்ல நீதிபதி, ஆவணங்களை ஓரளவு சலித்துப் பார்க்கும் கடமை அவருக்கு உண்டு என்று 1978-இல் சொன்னது. இந்த இரண்டுக்கும் இடையில் உள்ள குறுகிய இடத்தில்தான் விடுவிப்பு மனு நிற்கிறது.

அந்த இடத்தை இன்னும் குறுக்கியது உச்ச நீதிமன்றத்தின் 2004-ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்று. குற்றச்சாட்டு வனையும் கட்டத்தில், குற்றம் சாட்டப்பட்டவர் தன் தரப்பு ஆவணங்களைக் காட்டி அவற்றைப் பரிசீலிக்கும்படி கேட்க உரிமை இல்லை. காவல்துறை தாக்கல் செய்த ஆவணங்களை வைத்தே முடிவெடுக்க வேண்டும் என்று மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு ஒரிசாவிலிருந்து வந்த வழக்கில் தீர்ப்பளித்தது. நம் கதையில் உள்ள அண்ணன், "பல வருடங்களுக்கு முன்பே வாய்மொழியாகப் பாகம் பிரித்துக்கொண்டோம், இதோ பஞ்சாயத்தார் கையெழுத்திட்ட காகிதம்" என்று விடுவிப்பு மனுவோடு இணைத்தால் அது பயன்படாது. அந்தக் காகிதம் உண்மையாக இருக்கலாம். அதற்குரிய நேரம், விசாரணையில் குற்றம் சாட்டப்பட்டவர் தன் தரப்புச் சாட்சியத்தை வைக்கும் கட்டம். குற்றமற்றவர் ஒருவருக்கு இது எவ்வளவு கொடுமையாகத் தோன்றும் என்பது புரிகிறது. ஆனால் தொடக்கத்திலேயே இரு தரப்பு ஆவணங்களையும் எடைபோட்டால் ஒவ்வொரு வழக்கிலும் இரண்டு விசாரணை நடத்த வேண்டியிருக்கும் என்ற நீதிமன்றத்தின் கவலையும் பொருளற்றதல்ல.

சீராய்வு மனுவும் அதன் மூன்று பூட்டுகளும்

விடுவிப்பு மனு தள்ளுபடியானாலோ, குற்றச்சாட்டு வனையப்பட்டாலோ, அடுத்த வழி 438-ஆம் பிரிவின்கீழ்ச் சீராய்வு மனு. கீழ் நீதிமன்ற உத்தரவு சட்டப்படி சரியா, முறையானதா என்று மேல் நீதிமன்றம் ஆராய்வதே சீராய்வு. இது மேல்முறையீடு அல்ல. சாட்சியங்களை மறுபடி எடைபோட்டு வேறு முடிவுக்கு வருவது இதன் வேலை அல்ல.

முதல் பூட்டு காலம். 1963-ஆம் ஆண்டுக் கால வரையறைச் சட்டத்தின் 131-ஆம் இனத்தின்படி, உத்தரவு வந்த நாளிலிருந்து 90 நாட்களுக்குள் சீராய்வு மனு தாக்கலாக வேண்டும். உத்தரவின் சான்றிட்ட நகலைப் பெற ஆன நாட்கள் இதில் கழிக்கப்படும். எனவே நகல் மனுவை எந்த நாளில் போட்டோம் என்பதும் முக்கியமாகிறது. 90 நாட்கள் கடந்துவிட்டால் தாமதத்தை மன்னிக்கக் கோரி, போதிய காரணம் காட்டித் தனி மனுச் செய்ய வேண்டும்.

இரண்டாவது பூட்டு எண்ணிக்கை. சீராய்வு மனுவை அமர்வு நீதிமன்றத்திலும் போடலாம், உயர் நீதிமன்றத்திலும் போடலாம். ஆனால் ஒருவர் ஓரிடத்தில் போட்டுவிட்டால் அதே நபர் மற்ற இடத்தில் மறுபடி போட முடியாது. 438-ஆம் பிரிவின் மூன்றாம் உட்பிரிவு இதைத் தெளிவாகத் தடுக்கிறது. "முதலில் ஜில்லா கோர்ட்டில் பார்ப்போம், அங்கே ஆகாவிட்டால் ஹைகோர்ட் இருக்கிறதே" என்ற யோசனை இங்கேதான் தடுமாறும். அமர்வு நீதிமன்றத்தில் தோற்றபின் உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்தை (528-ஆம் பிரிவு குறிப்பிடும், அதற்கு இயல்பாகவே உள்ள அதிகாரத்தை) நாடுவது முற்றிலும் அடைபட்டதல்ல என்று உச்ச நீதிமன்றம் 1997-இல் சொல்லியிருந்தாலும், இரண்டாவது சீராய்வுக்கு வேறு பெயர் சூட்டிக்கொண்டு வந்த மனுவாக அது தெரிந்தால் உயர் நீதிமன்றம் ஏற்காது. வெளிப்படையான அநீதி நேர்ந்திருப்பதைக் காட்ட வேண்டியிருக்கும்.

மூன்றாவது பூட்டுதான் நீண்ட வழக்காடலுக்குக் காரணமானது. இடைக்கால உத்தரவுகளுக்கு எதிராகச் சீராய்வு செய்யக் கூடாது என்று இரண்டாம் உட்பிரிவு சொல்கிறது. இந்தத் தடை 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தில் புதிதாகச் சேர்ந்தது. சிறுசிறு உத்தரவுகளுக்கெல்லாம் சீராய்வு போட்டு விசாரணையை இழுத்தடிப்பதைத் தடுப்பதே அதன் நோக்கம். சாட்சியை அழைப்பது, வழக்கை ஒத்திவைப்பது, அறிக்கை கேட்பது போன்றவை இடைக்கால உத்தரவுகள் என்பதில் சிக்கல் இல்லை. 2009-இல் தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு காசோலை வழக்கில், எதிர்த்தரப்பின் ஆவணங்களை வரவழைக்கவும் சாட்சியை மறுபடி விசாரிக்கவும் கேட்ட மனுக்களை விசாரணை நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. அவை இடைக்கால உத்தரவுகளே, அவற்றை எதிர்த்துச் சீராய்வு செல்லாது என்று உச்ச நீதிமன்றம் முடித்துவைத்தது.

ஆனால் குற்றச்சாட்டு வனையும் உத்தரவு எந்த வகை? வழக்கை அது முடித்துவைப்பதில்லை. அந்த வகையில் இறுதி உத்தரவு அல்ல. அதேசமயம், ஒருவரைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தி ஆண்டுக்கணக்கில் நடக்க வைக்கும் உத்தரவை வெறும் ஒத்திவைப்போடு சமமாக வைக்கவும் மனம் ஒப்பாது. 1977-இல் மது லிமாயே வழக்கில் இதற்கு விடை கிடைத்தது. மகாராஷ்டிர அமைச்சர் ஒருவரைப் பற்றிப் பேசியதற்காக நாடாளுமன்ற உறுப்பினர் மது லிமாயேமீது அவதூறு வழக்குத் தொடரப்பட்டது. குற்றச்சாட்டு வனையப்பட்டதை எதிர்த்த சீராய்வை, இடைக்கால உத்தரவு என்று சொல்லி உயர் நீதிமன்றம் ஏற்க மறுத்தது. உச்ச நீதிமன்றம் அதைத் திருத்தி, இடைக்காலத்துக்கும் இறுதிக்கும் நடுவே மூன்றாவது வகை ஒன்று உண்டு என்றது. அதைக் கண்டுகொள்ள ஓர் எளிய சோதனையும் தந்தது: குற்றம் சாட்டப்பட்டவரின் வாதத்தை ஏற்றிருந்தால் வழக்கே முடிந்திருக்குமா? ஆம் என்றால், அந்த வாதத்தை நிராகரித்த உத்தரவு வெறும் இடைக்கால உத்தரவு அல்ல, சீராய்வு செல்லும். இந்தப் பிரச்சினையில் நீதிமன்றங்கள் சொன்னவற்றில் சாதாரண மனிதர் நினைவில் வைத்துக்கொள்ளத் தகுந்த வரி இதுதான் என்பது என் கருத்து. 2021-இலும் உச்ச நீதிமன்றம் இதையே உறுதிசெய்து, குற்றச்சாட்டு வனைவதையும் விடுவிக்க மறுப்பதையும் எதிர்த்துச் சீராய்வு செய்யலாம் என்றது.

உள்ளார்ந்த அதிகாரம்: கேட்கப்படும் ஒரே கேள்வி

இப்போது "குவாஷ்" என்ற சொல்லுக்கு வருவோம். 528-ஆம் பிரிவு உயர் நீதிமன்றத்துக்குப் புதிய அதிகாரம் எதையும் கொடுப்பதில்லை. ஏற்கெனவே அதற்கு இயல்பாக உள்ள அதிகாரத்தை இந்தச் சட்டம் குறைக்காது என்று மட்டும் சொல்கிறது. மூன்று நோக்கங்களுக்காக அதைப் பயன்படுத்தலாம்: இந்தச் சட்டத்தின்கீழ்ப் பிறந்த உத்தரவுகளைச் செயல்படுத்த, நீதிமன்ற நடைமுறை தவறாகப் பயன்படுத்தப்படுவதைத் தடுக்க, நீதியை நிலைநாட்ட. இந்த அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கு மட்டுமே உரியது. அமர்வு நீதிமன்றத்துக்கு இல்லை.

எந்தச் சூழலில் ரத்துசெய்யலாம் என்பதற்கு எல்லோரும் மேற்கோள் காட்டுவது, ஹரியானாவின் முன்னாள் முதலமைச்சர் பஜன் லால் சம்பந்தப்பட்ட வழக்கில் 1990 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு. ஏழு வகைச் சூழல்களை அது எடுத்துக்காட்டாகச் சொன்னது. புகாரில் உள்ளதை ஒரு சொல் விடாமல் உண்மை என்று வைத்துக்கொண்டாலும் குற்றம் எதுவும் அமையாத நிலை. அறிவுள்ள எவரும் நம்ப முடியாத அளவுக்கு அபத்தமான குற்றச்சாட்டு. வழக்குத் தொடரவே கூடாது என்று சட்டம் வெளிப்படையாகத் தடுத்திருக்கும் நிலை. பழிவாங்கும் உள்நோக்கத்தோடு தொடுத்த வழக்கு ஆகியவை அவற்றில் அடங்கும். ஒரு செய்தியை இங்கே சேர்த்துச் சொல்ல வேண்டும். ரத்துக் கோரும் ஏறக்குறைய ஒவ்வொரு மனுவிலும் இடம்பெறும் இந்தத் தீர்ப்பில், உயர் நீதிமன்றம் ரத்துசெய்திருந்த முதல் தகவல் அறிக்கையை உச்ச நீதிமன்றம் மீண்டும் உயிர்ப்பித்தது. அதிகாரம் இல்லாத அலுவலர் நடத்தினார் என்பதற்காகப் புலனாய்வை மட்டும் ரத்துசெய்து, தகுதியுள்ள அலுவலர் புதிதாகத் தொடங்க வழிவிட்டது. மனுதாரர்கள் ஏழு வகைகளையும் மேற்கோள் காட்டும்போது, இந்த அதிகாரத்தை மிக அரிதாகவே பயன்படுத்த வேண்டும் என்று அதே தீர்ப்பு எச்சரித்ததையும் சேர்த்தே நீதிபதிகள் படிக்கிறார்கள்.

உயர் நீதிமன்றம் கேட்கும் கேள்வி, "இது உண்மையா?" என்பது அல்ல. "இது அத்தனையும் உண்மை என்று வைத்துக்கொண்டால், குற்றம் ஆகுமா?" என்பதே. அண்ணன் தம்பி வழக்கில் இந்த வேறுபாடு தெளிவாகத் தெரியும். வாய்மொழிப் பாகப்பிரிவினை நடந்தது என்று அண்ணன் சொன்னால், அது உண்மையா என்று சாட்சிகளைக் கேட்டுத்தான் சொல்ல முடியும். உயர் நீதிமன்றம் அதைத் தொடாது. மாறாக, "தம்பி சொல்வதெல்லாம் உண்மை என்றே வைத்துக்கொள்ளுங்கள், நான் வேறொருவர் பெயரில் கையெழுத்திடவில்லை, என் பெயரில், என் கையெழுத்தில், எனக்குச் சொந்தம் என்று தவறாகச் சொல்லித்தான் விற்றிருக்கிறேன், இது போலி ஆவணம் புனைதல் ஆகுமா?" என்று கேட்டால், அதற்குப் பதில் சொல்லச் சாட்சி தேவையில்லை. தனக்கு உரிமையில்லாத சொத்தைத் தனது என்று சொல்லி ஒருவர் தன் பெயரிலேயே எழுதிக்கொடுத்த கிரயம் போலி ஆவணம் ஆகாது என்றும், அதில் ஏமாந்தவர் இருந்தால் அவர் பணம் கொடுத்து வாங்கியவரே தவிர வெளியில் நிற்கும் உரிமைதாரர் அல்ல என்றும் உச்ச நீதிமன்றம் 2009-இல் பீகாரிலிருந்து வந்த ஒரு வழக்கில் விளக்கியிருக்கிறது. அண்ணன் செய்தது சரி என்று இதற்குப் பொருள் இல்லை. தம்பிக்கு உரிமையியல் நீதிமன்றத்தில் பரிகாரம் முழுமையாக உண்டு. ஆனால் குற்ற வழக்கை எதிர்ப்பவருக்கு, முதல் வாதத்தை விட்டு இரண்டாவது வாதத்தைப் பிடிப்பதில்தான் மனுவின் உயிர் இருக்கிறது.

2021 ஏப்ரலில் நீஹாரிகா இன்ஃப்ராஸ்ட்ரக்சர் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு இன்னொரு வரம்பையும் இறுக்கியது. மனுவைத் தள்ளுபடி செய்துவிட்டோ, விசாரணைக்கு எடுத்துக்கொள்ளாமலோ, "காவல்துறை கடுமையான நடவடிக்கை எடுக்கக் கூடாது" என்று பொத்தாம்பொதுவாக இடைக்காலப் பாதுகாப்பு கொடுப்பது கூடாது. கைது அச்சம் இருந்தால் முன்ஜாமீன் என்ற தனி வழி இருக்கிறது என்றது. புலனாய்வு தொடக்கநிலையில் இருக்கும்போது உயர் நீதிமன்றம் குறுக்கிட அவசரப்படக் கூடாது என்பதும் அதன் சாரம். ஆயினும் இதை இரும்பு விதியாக எடுத்துக்கொள்ள முடியாது. சமூக வலைத்தளத்தில் வெளியான ஒரு கவிதைக்காக நாடாளுமன்ற உறுப்பினர் இம்ரான் பிரதாப்கடிமீது குஜராத்தில் பதிவான வழக்கை, புலனாய்வு தொடக்கத்தில் இருக்கிறது என்ற காரணத்தால் உயர் நீதிமன்றம் ரத்துசெய்ய மறுத்தது. 2025 மார்ச் 28 அன்று உச்ச நீதிமன்றம் அந்த வழக்கை ரத்துசெய்து, குற்றமே அமையவில்லை என்பது வெளிப்படையாகத் தெரிகிறபோது தொடக்கநிலை என்பது தடையாகாது என்றது. பேச்சுரிமை சார்ந்த வழக்குகளில் இந்தத் தீர்ப்பு பெரிய துணை.

எதிர்த்திசையிலும் ஓர் உதாரணம் நம் அருகிலேயே உண்டு. கைப்பேசியில் சிறார் பாலியல் காட்சிகளை வைத்திருந்ததாகத் தொடரப்பட்ட வழக்கு ஒன்றை, தனிமையில் பார்ப்பது குற்றமாகாது என்று சொல்லிச் சென்னை உயர் நீதிமன்றம் 2024 ஜனவரியில் ரத்துசெய்தது. அதே ஆண்டு செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றி, விசாரணையை மீண்டும் தொடரச் சொன்னது. குற்ற மனநிலை இருந்ததாகக் கொள்ளும்படி சட்டமே ஓர் அனுமானத்தை வைத்திருக்கும்போது, அடிப்படை உண்மைகள் இருக்கின்றனவா என்று மட்டும் பார்த்துவிட்டு, மறுப்பதை விசாரணைக்கு விட வேண்டும் என்பது அதன் காரணம். காசோலை வழக்குகளிலும் இதுபோன்ற அனுமானம் இருப்பதால், அங்கேயும் "கடனே இல்லை" என்ற வாதம் பெரும்பாலும் விசாரணைக்கே போகிறது.

தன் தரப்பு ஆவணத்தை உயர் நீதிமன்றம் ஒருபோதும் பார்க்காதா என்றால், பார்க்கும், அரிதாக. அந்த ஆவணம் ஐயத்துக்கு இடமில்லாததாக இருக்க வேண்டும். குற்றச்சாட்டை அடியோடு தகர்ப்பதாக இருக்க வேண்டும். எதிர்த்தரப்பு அதை மறுக்கவில்லை, அல்லது மறுக்க இயலாது என்ற நிலை இருக்க வேண்டும். வழக்கைத் தொடர்வது நீதிக்கு ஊறாகும் என்று தோன்ற வேண்டும் என 2013-இல் உச்ச நீதிமன்றம் வழி வகுத்தது. பதிவுத்துறையின் சான்றிட்ட நகலோ, ஏற்கெனவே முடிந்த உரிமையியல் தீர்ப்போ இந்தச் சோதனையைத் தாங்கலாம். உறவினர் கையெழுத்திட்ட காகிதம் தாங்காது.

சமாதானம் ஆகிவிட்டால்?

இரு தரப்பும் பேசித் தீர்த்துக்கொண்ட வழக்குகளில், 359-ஆம் பிரிவின் பட்டியலில் உள்ள குற்றங்களை விசாரணை நீதிமன்றத்திலேயே இணக்கமாக முடித்துக்கொள்ளலாம். பட்டியலில் இல்லாத குற்றங்களானால் உயர் நீதிமன்றத்தை அணுக வேண்டும். 2012-இல் கியான் சிங் வழக்கு இதற்கான எல்லையை வரைந்தது: குடும்பத் தகராறு, பணக் கொடுக்கல் வாங்கல், வணிகம் போன்ற தனிப்பட்ட தன்மையுள்ள வழக்குகளைச் சமாதானத்தின்பேரில் ரத்துசெய்யலாம், கொலை, வன்புணர்வு, கொள்ளை போன்றவற்றையும் அரசு ஊழியர் பதவியைப் பயன்படுத்திச் செய்யும் ஊழல் குற்றங்களையும் அப்படி ரத்துசெய்யக் கூடாது. தமிழ்நாட்டுப் போக்குவரத்துக் கழகங்களில் வேலை வாங்கித் தருவதாகப் பணம் பெற்றதாகத் தொடரப்பட்ட வழக்கு ஒன்று, பணம் கொடுத்தவர்களோடு சமரசம் ஆகிவிட்டது என்ற காரணத்தால் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரத்தானது. 2022 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவை நீக்கியது. பணம் கொடுத்தவரும் வாங்கியவரும் கைகுலுக்கிக்கொண்டாலும், தகுதி இருந்தும் வேலை கிடைக்காமல் வெளியே நிற்கிறவர்கள் அந்தச் சமரசத்தில் கையெழுத்திடவில்லை. இந்த வரம்பு இருப்பது மிகவும் சரி என்று எனக்குத் தோன்றுகிறது.

மனுப் போட்டால் வழக்கு நிற்காது

புதிதாக நீதிமன்றம் ஏறுகிறவர்களை மிக அதிகமாகத் துன்பப்படுத்தும் தவறான நம்பிக்கை இது. உயர் நீதிமன்றத்தில் ரத்து மனு நிலுவையில் இருக்கிறது என்பதால் கீழ் நீதிமன்ற விசாரணை தானாக நின்றுவிடாது. தடையாணை கேட்டு, அது கிடைத்து, அதன் நகல் விசாரணை நீதிமன்றத்துக்குப் போய்ச் சேர்ந்தால்தான் நிற்கும். அதுவரை ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஆஜராக வேண்டும். வர இயலாத நாளில் வழக்கறிஞர் வழியாக விலக்கு மனுப் போட வேண்டும். பழைய பிரிவு எண்ணால் "முந்நூற்றுப் பதினேழு மனு" என்று எல்லோரும் அழைக்கும் அந்த மனு இப்போது 355-ஆம் பிரிவின்கீழ் வருகிறது. உயர் நீதிமன்றத்தை நம்பி இங்கே வராமல் இருந்துவிட்டுப் பிடியாணைக்கு ஆளாகிறவர்கள், அசல் வழக்கைவிடப் பெரிய சிக்கலைத் தாங்களே தேடிக்கொள்கிறார்கள்.

தடையாணையின் ஆயுள் பற்றியும் சில ஆண்டுகள் குழப்பம் நிலவியது. ஏஷியன் ரீசர்ஃபேசிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2018-இல், தடையாணைகள் ஆறு மாதத்தில் தாமாகவே காலாவதியாகும் என்றது. 2024 பிப்ரவரி 29 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு அதை மாற்றி, தடையாணை தானாகக் காலாவதியாகாது என்றது. ஊழல் தடுப்புச் சட்டத்தில் கட்டுப்பாடு கூடுதல்: 19-ஆம் பிரிவு, அரசு ஊழியர்மீது வழக்குத் தொடரத் தரப்படும் அனுமதி ஆணையில் உள்ள பிழை நீதி தவறக் காரணமானது என்று கண்டால் ஒழிய அதற்காக விசாரணையைத் தடுத்து நிறுத்தக் கூடாது என்கிறது, இடைக்கால உத்தரவுகள்மீது சீராய்வையும் விலக்குகிறது. தேசியப் புலனாய்வு முகமைச் சட்ட வழக்குகளில் வழியே வேறு. அங்கே சிறப்பு நீதிமன்றத்தின் இடைக்காலம் அல்லாத உத்தரவுகளை எதிர்த்து 30 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு செய்ய வேண்டும், 90 நாட்களுக்குப் பிறகு ஏற்கப்படாது என்று 21-ஆம் பிரிவு எழுதிவைத்திருக்கிறது.

எப்போது, எத்தனை முறை

528-ஆம் பிரிவுக்குச் சட்டத்தில் காலக்கெடு இல்லை. ஆயினும் தாமதத்துக்குக் காரணம் சொல்ல வேண்டியிருக்கும். முதல் தகவல் அறிக்கையை எதிர்த்துப் போட்ட மனு நிலுவையில் இருக்கும்போதே குற்றப்பத்திரிகை தாக்கலாகிவிட்டால், அந்த ஒரே காரணத்தால் மனு செத்துவிடாது, குற்றப்பத்திரிகையையும் சேர்த்து ஆராயலாம் என்று உச்ச நீதிமன்றம் 2018-இல் சொல்லியிருக்கிறது. ஆனால் குற்றப்பத்திரிகையைத் தனியே எதிர்த்துக்கொள்ளும்படி சொல்லிப் பழைய மனுவை முடித்துவைப்பதும் நடைமுறையில் உண்டு. ஆகவே மனு நிலுவையில் இருக்கும் காலத்தில் கீழே என்ன தாக்கலாகிறது என்று கவனித்து, மனுவை உடனே திருத்திக்கொள்ள வேண்டும். குற்றச்சாட்டு வனையப்பட்டு, சாட்சிகள் ஏறி இறங்கத் தொடங்கிய பிறகு வரும் மனுவை உயர் நீதிமன்றம் ஊக்குவிப்பதில்லை.

மனுவில் வைக்கக்கூடிய காரணங்கள் அனைத்தையும் முதல் மனுவிலேயே வைத்துவிட வேண்டும். தள்ளுபடி செய்த உத்தரவை அதே நீதிமன்றம் மறுஆய்வு செய்ய 403-ஆம் பிரிவு இடம் தராது. எழுத்துப் பிழைகளைத் திருத்த மட்டுமே அது அனுமதிக்கிறது. சூழ்நிலை உண்மையாகவே மாறியிருந்தால் இரண்டாவது ரத்து மனு செல்லும் என்று முன்பே தீர்ப்பு உண்டு. ஆனால் முதல் மனுவின்போதே கையில் இருந்த வாதத்தை ஒளித்துவைத்து, ஒன்றன்பின் ஒன்றாக மனுப் போடுவதை ஏற்க முடியாது என்று 2023-இல் உச்ச நீதிமன்றம் கண்டிப்பாகச் சொன்னது. அண்ணனின் வழக்கறிஞர் முதல் மனுவில் வாய்மொழிப் பாகப்பிரிவினையை மட்டும் எழுதி, போலி ஆவணம் பற்றிய சட்ட வாதத்தை விட்டுவிட்டிருந்தால், அதை இன்னொரு மனுவில் கொண்டுவருவது மிகக் கடினம். அப்போது மீதமிருப்பது, உயர் நீதிமன்ற உத்தரவு வந்த 90 நாட்களுக்குள் அரசியல் சாசனத்தின் 136-ஆவது உறுப்பின்கீழ் உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி கோருவதுதான். அந்த அனுமதி உரிமையாகக் கிடைப்பதல்ல.

இதையெல்லாம் செய்யாமல், "தண்டனை வந்தால் அப்பீலில் பார்த்துக்கொள்வோம்" என்று இருந்தால் என்ன? அதற்கும் வரம்பு இருக்கிறது. குற்றச்சாட்டில் பிழை இருந்தது, ஏன், குற்றச்சாட்டே வனையப்படவில்லை என்ற காரணத்துக்காக மட்டும் தண்டனை செல்லாமல் போகாது. அந்தப் பிழையால் நீதி தவறியது என்று காட்ட வேண்டும் என்கிறது 510-ஆம் பிரிவு. முன் அனுமதியில் உள்ள பிழை உள்ளிட்ட மற்ற முறைகேடுகளுக்கு 511-ஆம் பிரிவும் அதையே சொல்லி, நீதி தவறியதா என்று முடிவுசெய்யும்போது, அந்த ஆட்சேபணையை முன்னதாகவே எழுப்பியிருக்க முடியுமா, எழுப்பியிருக்க வேண்டுமா என்பதையும் மேல் நீதிமன்றம் கருத்தில் கொள்ள வேண்டும் என்று சேர்க்கிறது. ஆகையால் உயர் நீதிமன்றம் போவதாக இருந்தாலும் போகாவிட்டாலும், குற்றச்சாட்டில் தேதி தவறு, இடம் தவறு, எந்தச் செயலுக்காகக் குற்றம் என்பது தெளிவில்லை என்று பட்டால், அதை எழுதிய மனு ஒன்றை அன்றே விசாரணை நீதிமன்றத்தில் கொடுத்துவிட வேண்டும். தீர்ப்புச் சொல்லும் வரை எந்த நேரத்திலும் குற்றச்சாட்டைத் திருத்த 239-ஆம் பிரிவில் அந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. அது மறுத்தாலும், மறுத்த உத்தரவு வழக்குக் கட்டில் இருக்கும்.